நாற்பது ஆண்டுகள் அடிவாங்கிய மனிதர்: கன்டோனீஸ் சினிமாவின் வில்லன் செக் கின் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

'என்டர் தி டிராகன்' பார்த்த யாருக்கும் அந்தக் கண்ணாடி அறை மறக்காது. ஒரு கைக்குப் பதிலாக இரும்பு நகங்களை மாட்டிக்கொண்டு புரூஸ் லீயின் உடம்பில் ரத்தக்கோடு போடுவாரே, நரைமுடி வில்லன், அவரைப் பற்றித்தான் இந்தப் பக்கம். அந்த ஒரு படத்தோடு அவரை நிறுத்திக்கொள்கிறவர்கள்தான் அதிகம். ஆனால் அவர் அந்த அறைக்குள் நுழைந்தபோது முப்பது வருடத்துக்கு மேல் சினிமாவில் உதை வாங்கி முடித்திருந்தார். அவர் வழியாக, பழைய கன்டோனீஸ் சினிமாவின் துணை நடிகர்கள் எப்படிப் பிழைத்தார்கள் என்பதையும் பார்க்கலாம்.

ஷி கியென், செக் கின் இருவரும் ஒருவரா?

ஒருவர்தான். சீன எழுத்து ஒன்று, உச்சரிப்பு ஊருக்கு ஊர் வேறு. ஹாங்காங்கில் பேசும் கன்டோனீஸில் 'செக் கின்'. ஆங்கிலப் போஸ்டர்களில் வந்தது 'ஷி கியென்'. 'செக்' என்றால் கல், 'கின்' என்றால் உறுதி. வில்லனுக்கு வேண்டுமென்றே தேடி வைத்தது போல இருக்கும். ஆனால் 'செக்' அவருடைய குடும்பப் பெயர்தான். பிறந்தபோது வைத்த முழுப்பெயர் செக் விங் சுங்.

1913 ஜனவரி 1 அன்று, குவாங்டொங் மாகாணத்தின் பான்யூ பகுதியைச் சேர்ந்த குடும்பத்தில் பிறந்தவர். 2009 ஜூன் 3 அன்று ஹாங்காங்கில் 96 வயதில் மறைந்தார். நடித்த படங்கள் 300-க்கு மேல்.

இன்னும் இரண்டு பெயர்கள் உண்டு. சினிமாக்காரர்கள் அவரை 'கின் சுக்' என்று கூப்பிட்டார்கள். 'சுக்' என்றால் சித்தப்பா. வயதில் மூத்தவர்களை மரியாதையாக அழைக்கும் சொல். தெருவில் போகிற ஜனம் வைத்த பெயர் 'கான் யான் கின்', அதாவது கெட்டவன் கின்.

கன்டோனீஸ் சினிமாவும் ஹாங்காங் சினிமாவும் ஒன்றில்லையா?

இல்லை. இந்தக் குழப்பம் தீர்ந்தால்தான் மீதிக் கதை புரியும். ஹாங்காங்கில் நீண்ட காலம் இரண்டு மொழிகளில் படம் எடுத்தார்கள். ஊர்க்காரர்கள் வீட்டில் பேசும் கன்டோனீஸ் ஒன்று. சீனாவின் பொதுமொழியான மாண்டரின் மற்றொன்று. 1949-ஐ ஒட்டி ஷாங்காயிலிருந்து வந்து குடியேறிய படக்காரர்களால் மாண்டரின் பக்கம் பலம் பெற்றது. பின்னாளில் ஷா பிரதர்ஸ் போன்ற பெரிய ஸ்டுடியோக்கள் அங்கேதான் பணத்தைக் கொட்டின. கலர், அகலத்திரை, பெரிய செட் எல்லாம் அந்தப் பக்கம். கன்டோனீஸ் படங்கள் பெரும்பாலும் கறுப்பு வெள்ளையில், குறைந்த செலவில், வேகமாக வந்தவை.

வேடிக்கை என்னவென்றால், பேசும் கன்டோனீஸ் சினிமாவுக்குத் தொடக்கம் வைத்ததே ஷாங்காய்தான். 1933-இல் வந்த 'வெள்ளைப் பொன் டிராகன்' என்ற படம். கன்டோனீஸ் இசை நாடக மேடையின் உச்ச நட்சத்திரமான சிட் கோக் சின் நடித்தது. எடுத்தது ஷா சகோதரர்களின் டியென்யீ நிறுவனம். படம் சக்கைப்போடு போட்டதும், தென்சீனாவிலும் ஹாங்காங்கிலும் கன்டோனீஸ் படங்கள் வரிசைகட்டின. 1930-களின் நடுவில் நான்ஜிங்கில் இருந்த தேசிய அரசு வட்டார மொழிப் படங்களைத் தடைசெய்யப் பார்த்தது, 'ஒரு நாடு, ஒரு மொழி' என்ற யோசனையில். எதிர்ப்பு வலுத்ததால் தடை தள்ளிப்போனது. 1937-இல் ஜப்பானோடு போர் வெடிக்கவே அந்த விஷயம் அப்படியே அமுங்கியது.

செக் கின் நடிக்க வந்தது எப்படி?

சிறுவயதில் நோஞ்சான். உடம்பு தேறட்டும் என்றுதான் குங்ஃபூ கற்க அனுப்பினார்கள். ஜிங் வூ சங்கத்தில் ஒன்பது ஆண்டுகள் பயிற்சி. கழுகு நகப் பாணி, சோய் லீ ஃபுட் போன்றவற்றில் கற்பிக்கும் தகுதியும் பெற்றார். 1972-இல் புரூஸ் லீ நடித்த 'ஃபிஸ்ட் ஆஃப் ஃபியூரி' நடப்பதாகக் காட்டப்படும் பள்ளி இதே ஜிங் வூதான். புரூஸ் லீ கதையில் அந்தப் பள்ளியின் மாணவராக வந்தார், செக் கின் நிஜத்திலேயே அங்கே படித்தவர்.

திரைக்கு வந்தது 1940-இல். ஆனால் நிலைபெற நேரமில்லை. 1941 டிசம்பர் 25 அன்று ஹாங்காங் ஜப்பானியரிடம் வீழ்ந்தது. அடுத்த மூன்று ஆண்டு எட்டு மாதம் அங்கே படத்தொழில் என்று ஒன்று இல்லை. நடிகர்களில் பலர் சீனாவின் உள்பகுதிகளுக்கும் மக்காவுக்கும் ஓடினார்கள். 1945-க்குப் பிறகு திரும்பி வந்து, உடைந்த ஸ்டுடியோக்களைச் சரிசெய்து மறுபடி முதலிலிருந்து ஆரம்பித்தார்கள். செக் கின்னின் உண்மையான தொழில் வாழ்க்கை அங்கேதான் தொடங்குகிறது.

300 படம், 400 படம் என்கிறார்களே, ஒரு மனிதரால் முடியுமா?

அந்த ஊரில் முடிந்தது. அங்கே படம் எடுத்த விதம் அப்படி.

1950-களிலும் 60-களின் முதல் பாதியிலும் கன்டோனீஸ் படங்கள் ஆண்டுக்கு 150, சில ஆண்டுகளில் 200 என்று வந்தன. இவற்றில் ஒரு வகைக்கு 'ச்சட் யாட் சின்' என்று பெயர். 'ஏழு நாள் புதுசு' என்று பொருள். மீன் சந்தையில் 'புது மீன்' என்று கூவும் அதே தொனி. ஏழு நாளில் ஷூட்டிங் முடித்து அவசரமாகத் தியேட்டருக்கு அனுப்பும் படங்கள். ஒரே வரவேற்பறை செட்டில் திரைச்சீலையை மாற்றி மூன்று படம் எடுப்பார்கள். கேமரா நகராது. வசனம் ஒரே டேக்கில் ஓகே.

பணம் எங்கிருந்து வந்தது என்று பார்த்தால் இது இன்னும் விளங்கும். படம் எடுக்குமுன்பே, நட்சத்திரத்தின் பெயரையும் கதைச் சுருக்கத்தையும் காட்டி, சிங்கப்பூர், மலாயா, வியட்நாம் விநியோகஸ்தர்களிடம் முன்பணம் வாங்கிவிடுவார்கள். இதற்கு 'படப் பூ விற்பது' என்று தொழில் வழக்கு. பூவை விற்ற காசில் காய் காய்க்க வேண்டும்! அந்த முன்பணத்தில் பெரும்பகுதியைக் கதாநாயகனும் கதாநாயகியும் எடுத்துக்கொள்வார்கள். மிச்சத்தில்தான் செட், ஃபிலிம், துணை நடிகர்கள் எல்லாம்.

ஆகவே துணை நடிகருக்கு ஒரு படத்தில் பெரிதாக எதுவும் கிடைக்காது. வயிறு நிறைய வேண்டுமென்றால் படங்களின் எண்ணிக்கை கூட வேண்டும். காலையில் ஒரு படத்தில் ஜமீன்தார், ராத்திரி இன்னொரு படத்தில் கொள்ளைக்காரன். தயாரிப்பாளருக்கும் இதில் லாபம் இருந்தது. ஏழு நாளில் ஒருவருக்கு நடிப்புச் சொல்லிக்கொடுக்க முடியாது. 'நீ கெட்டவன், இவள் விதவை, வீட்டை எழுதி வாங்கு' என்றால் மறுகணமே நடித்துக்காட்டும் ஆள் வேண்டும். ரசிகருக்கும் அறிமுகம் தேவையில்லை. செக் கின் கதவைத் திறந்து உள்ளே வந்தாலே தியேட்டருக்கு விஷயம் தெரிந்துவிடும். பத்து நிமிடக் கதைசொல்லலை ஒரு முகம் மிச்சப்படுத்தியது. என் பார்வையில், அவசரப் படங்களைத் தாங்கிப் பிடித்த தூண்கள் இந்த முகங்கள்தான்.

இந்த ஏணியின் அடிப்படியில் இருந்த எக்ஸ்ட்ராக்களுக்கு 'கெ லே ஃபே' என்று பெயர். இன்றைக்கும் ஹாங்காங்கில் ஆபீசில் மதிப்பில்லாத வேலை பார்க்கிறவர் தன்னைத்தானே இப்படிச் சொல்லிச் சிரித்துக்கொள்வார்.

வோங் ஃபெய் ஹுங் படங்கள் என்றால் என்ன? அதில் இவருக்கு என்ன வேலை?

வோங் ஃபெய் ஹுங் நிஜ மனிதர். குவாங்டொங்கில் வாழ்ந்த குங்ஃபூ ஆசான், எலும்பு முறிவு வைத்தியர். 1920-களில் மறைந்தார். அவர் சீடர் லாம் சாய் விங், அவர் சீடர்கள் என்று அந்தப் பரம்பரை ஹாங்காங்கில் வேர்விட்டது. ஆசானின் மனைவி மோக் குவாய் லான் ஹாங்காங்கில் குங்ஃபூ சொல்லிக்கொடுத்துக்கொண்டிருந்த காலத்திலேயே அவருடைய கணவரைப் பற்றிப் படங்கள் ஓடிக்கொண்டிருந்தன.

1949-இல் இயக்குநர் வூ பாங் இந்த ஆசானின் கதையை முதல்முறையாகப் படமாக்கினார். நாயகன் குவான் டாக் ஹிங், கன்டோனீஸ் இசை நாடக மேடையிலிருந்து வந்தவர், வெள்ளை நாரைப் பாணி குங்ஃபூ தெரிந்தவர். சீடன் லியுங் ஃபூன் வேடத்தில் சோ டாட் வா. எதிரி, செக் கின்.

அதுவரை கன்டோனீஸ் படச் சண்டை மேடை நாடகத்திலிருந்து நேராக இறங்கி வந்தது. தாளத்துக்குச் சுழல்வார்கள், கத்தி கத்தியைத் தொடாது. இல்லையென்றால் ஃபிலிமில் கோடு வரைந்து, கையிலிருந்து ஒளி பாய்வதாகக் காட்டுவார்கள். வூ பாங் இதை விட்டுவிட்டு, தெரு மல்யுத்தக் கூடங்களில் பழகும் குங்ஃபூவை அப்படியே காட்ட நினைத்தார். அதற்கு நாயகன் மட்டும் அடிக்கத் தெரிந்தவராக இருந்தால் போதாது, அடிவாங்குகிறவருக்கும் வித்தை தெரிந்திருக்க வேண்டும். ஒன்பது வருட ஜிங் வூ பயிற்சி இங்கேதான் காசாக மாறியது.

படம் ஓடியது. அப்புறம் நிற்கவே இல்லை. குவான் டாக் ஹிங் 70-க்கும் மேற்பட்ட படங்களில் ஆசானாக நடித்தார். 1956 என்ற ஒரே ஆண்டில் மட்டும் 25 வோங் ஃபெய் ஹுங் படங்கள் வந்தன. மாதத்துக்கு இரண்டு, அதற்கு மேலும் கொஞ்சம்! டிராகன் படகுப் போட்டியில் ஆசான், சிங்க நடனத்தில் ஆசான் என்று திருவிழாக் காலண்டரைப் பார்த்தே கதை எழுதியிருப்பார்கள் போலிருக்கிறது. இடம் மாறும், திருவிழா மாறும், கெட்டவனின் பெயர் மாறும். கெட்டவன் முகம் மட்டும் பெரும்பாலும் செக் கின்னுடையது.

ஒரே வில்லன் திரும்பத் திரும்ப வந்தால் சலிக்காதா?

சலித்திருக்க வேண்டும். ஏன் சலிக்கவில்லை என்பதற்கு எனக்குத் தோன்றுவது இது. அந்தப் படங்களின் ஆசான் சண்டைக்கு அவசரப்படாதவர். மூன்று முறை பொறுப்பார், சீடர்களைத் திட்டுவார், நீதி சொல்வார். நம்மைப் போன்ற பாமர ரசிகருக்கு இது கொஞ்சம் இழுவை. அந்தப் பொறுமைக்கு அர்த்தம் வர வேண்டுமென்றால் எதிரே இருப்பவன் நம் ரத்தத்தைக் கொதிக்க வைக்க வேண்டும். செக் கின் தலையைச் சற்றுச் சாய்த்து, தொண்டைக்குள்ளேயே ஒரு சிரிப்புச் சிரிப்பார். அந்தச் சிரிப்பு முடிவதற்குள் 'ஐயா, போதும் பொறுத்தது, அடியுங்கள்' என்று ஆசானிடம் நாமே கெஞ்ச ஆரம்பித்துவிடுவோம். குவான் டாக் ஹிங்கின் கண்ணியத்தில் பாதி செக் கின் கட்டிக்கொடுத்தது.

அப்புறம் தோற்கும் விதம். நன்றாகச் சண்டை போடத் தெரிந்தவர் தோற்பதாக நடிக்க, தன் ஒவ்வொரு அடியையும் ஒரு அங்குலம் தாமதமாகப் போட வேண்டும். அது வெளியே தெரியக் கூடாது. அந்த வேலையை அவர் அலட்டிக்கொள்ளாமல் செய்தார். கடைசியில் ஆசான் அவரைக் கொல்லமாட்டார்; திருந்தச் சொல்லி விட்டுவிடுவார். இப்படி எத்தனையோ படங்களில் செக் கின் மனம் திருந்தினார். அடுத்த மாதம் வேறு பெயரில் மறுபடி கெட்டுப்போனார்.

அந்தத் தொடரில் வேறு துணை நடிகர்கள் பெரிய ஆளானார்களா?

இதைக் கேட்டது நல்லது. அந்தப் படங்களின் பின்வரிசையைக் கொஞ்சம் உற்றுப் பார்த்தால் பின்னாளைய குங்ஃபூ சினிமா முழுக்க அங்கே நிற்கிறது.

லாம் சாய் விங்காக நடித்தவர் லாவ் சாம். நிஜ லாம் சாய் விங்கிடம் குங்ஃபூ கற்ற சீடர் இவர். தன் சொந்தக் குருவின் வேடத்தைப் போடும் பாக்கியம் எத்தனை நடிகருக்குக் கிடைக்கும்? அவர் மகன் லாவ் கார் லியுங்கும் இந்தப் படங்களில்தான் சண்டைத் தொழில் பழகினார். 1978-இல் 'ஷாவ்லினின் 36-ஆம் அறை'யை இயக்கியவர் அவரே.

இன்னொருவர் யுவன் சியு டின். பல வருடம் இந்தப் படங்களிலும் மற்றவற்றிலும் அடியாள், கிழவன், கூட்டத்தில் ஒருவன். 1978-இல், அறுபதைத் தாண்டிய வயதில், 'டிரங்கன் மாஸ்டர்' படத்தில் ஜாக்கி சானுக்குக் குடிகாரக் குருவாக வந்தார். அத்தனை வருடம் யாரும் கேட்காத பெயர் ஒரே நாளில் ஊரெல்லாம் ஒலித்தது. அடுத்த ஜனவரியில் இறந்துபோனார். அந்தப் படத்தில் ஜாக்கி சான் நடித்த பாத்திரம், சின்ன வயது வோங் ஃபெய் ஹுங்! படத்தை இயக்கியவர் யுவன் சியு டின்னின் மகன் யுவன் வூ பிங். 'மேட்ரிக்ஸ்' சண்டைகளை அமைத்தவரும் அவர்தான்.

வில்லன் தவிர வேறென்ன துணை வேடங்கள் இருந்தன?

குடும்பக் கதைகள்தான் அந்தச் சினிமாவின் அன்றாடச் சோறு. அதனால் பெண் துணை நடிகர்களுக்கு வேலைக்குப் பஞ்சமே இல்லை. வோங் மான் லெய் என்றால் துயரம் சுமக்கும் தாய். லீ யூட் சிங் ஏழை அம்மா, பாசமுள்ள வேலைக்காரி. மா சியு யிங் மாமியார். மருமகளைப் படுத்தும் மாமியார். படம் தொடங்கிப் பத்து நிமிடத்தில் இவர் தலை தெரிந்தால் அந்த வீட்டு மருமகள் நிலைமை அவ்வளவுதான்.

நகைச்சுவையில் மேடைக் கோமாளிகளின் ஆட்சி. பருத்த உடம்போடு லியுங் சிங் போர் என்பவர். இவர் சிங்கப்பூரில் பிறந்தவர்.

ஒரு பழைய செய்தியை இங்கே சொல்லியாக வேண்டும். 1910-களின் தொடக்கத்தில் ஹாங்காங்கில் எடுக்கப்பட்ட மௌனக் குறும்படம் ஒன்றில், ஞானி சுவாங்ஸி தன் மனைவியைச் சோதிக்கும் கதை. மனைவி வேடத்தைப் போட்டவர் லாய் மான் வாய் என்ற ஆண். மேடை வழக்கம் அப்படி. அவருடைய நிஜ மனைவி யிம் ஷான் ஷான் அதில் வேலைக்காரிப் பெண்ணாக வந்தார். சீனத் திரையில் தோன்றிய முதல் பெண் என்று அவரைத்தான் சொல்கிறார்கள். ஆக, சீன சினிமாவின் முதல் நடிகை ஒரு துணை நடிகை.

புரூஸ் லீயின் அப்பாவும் துணை நடிகராமே?

ஆமாம். லீ ஹோய் சுன். இசை நாடக மேடையின் பேர்பெற்ற கோமாளி நடிகர். அமெரிக்காவில் நாடகச் சுற்றுப்பயணத்தில் இருந்தபோதுதான் 1940 நவம்பரில் சான் பிரான்சிஸ்கோவில் புரூஸ் லீ பிறந்தார். கைக்குழந்தையாக இருக்கும்போதே பையனை ஒரு கன்டோனீஸ் படத்தில் காட்டிவிட்டார்கள்.

1950-இல் வந்த 'குட்டி சியுங்' படத்தில் அப்பாவும் மகனும் சேர்ந்து நடித்தார்கள். மகன் தெருவில் வளரும் அனாதைப் பையன். அப்பா பணக்கார முதலாளி. ஒன்பது வயது புரூஸ் லீ அதில் மூக்கைத் தேய்த்துக்கொண்டு செய்யும் அலட்டலைப் பாருங்கள், பின்னாளைய ஸ்டைலின் விதை அங்கேயே இருக்கிறது.

எல்லாமே அவசரப் படங்கள்தானா? நல்ல படம் எடுக்க யாரும் நினைக்கவில்லையா?

நினைத்தார்கள். 1949-இல் திரைக்கலைஞர்கள் கூடி, தரக்குறைவான படங்களில் நடிக்கமாட்டோம் என்று 'கன்டோனீஸ் படத் தூய்மை இயக்கம்' அறிவித்தார்கள். 1952-இல் நடிகர்களும் இயக்குநர்களுமாக 21 பேர் சேர்ந்து 'ஜுங் லுன்' என்ற கூட்டு நிறுவனம் தொடங்கினார்கள். தங்கள் சம்பளத்தைத் தாங்களே குறைத்துக்கொண்டு 1967 வரை 44 படங்கள் எடுத்தார்கள். 1953-இல் வந்த 'இடிபடும் வீட்டில் வசந்தம்' அவற்றில் ஒன்று. ஒரே கட்டடத்தில் நெருக்கியடித்து வாழும் வாடகைக் குடிகளின் கதை. கார் ஓட்டுநர், ஆசிரியர், கடன்காரர் என்று யாரும் தனி நாயகன் இல்லாமல் எல்லோருமே துணைப் பாத்திரம் போல நடித்திருப்பார்கள். சிறுவன் புரூஸ் லீயும் அதில் உண்டு.

செக் கின் இருந்தது இந்தப் பக்கம் இல்லை. அவர் கூத்தும் குத்தும் நிறைந்த சண்டைப்படத் தெருவின் ஆள். தரமான சினிமாவின் வரலாற்றை எழுதுகிறவர்கள் ஜுங் லுன்னுக்கு நான்கு அத்தியாயம் கொடுத்துவிட்டு இவரை ஒரு வரியில் கடந்துபோவார்கள். எனக்கு அதில் உடன்பாடில்லை.

1960-களில் அவருக்கு வேலை இருந்ததா?

நிறைய. வாள்சண்டை மாயாஜாலப் படங்கள் வந்தன. சோ டாட் வா இப்போது நாயகன், அவரோடு யூ சோ சாவ் என்ற வாள்வீராங்கனை. யூ சோ சாவின் தந்தை யூ ஜிம் யுவன்தான் ஜாக்கி சான், சாமோ ஹுங், யுவன் பியாவ் மூவரையும் பிரம்படியோடு வளர்த்த நாடகப் பள்ளி ஆசான். பிறகு சான் போ சூ, சியாவ் ஃபாங் ஃபாங் என்ற இளம் நாயகிகளின் காலம். நாயகர்கள் மூப்படைந்து ஒதுங்க, நாயகிகள் புதிதாக வர, வில்லன் அதே இடத்தில். துணை நடிகருக்கு உள்ள ஒரு வசதி இது. தலை நரைத்தால் வில்லத்தனம் இன்னும் கூடும்.

பிறகு ஏன் கன்டோனீஸ் சினிமா சாய்ந்தது?

பல அடிகள் ஒரே நேரத்தில் விழுந்தன. மாண்டரின் படங்களின் கலரும் பிரம்மாண்டமும் ரசிகரை இழுத்தன. 1967 நவம்பரில் டி.வி.பி. தொலைக்காட்சி இலவச ஒளிபரப்பைத் தொடங்கியது. கன்டோனீஸ் கதை வீட்டு வரவேற்பறையிலேயே கிடைக்கும்போது டிக்கெட் எதற்கு? 1972-இல் ஹாங்காங்கில் ஒரு கன்டோனீஸ் படம்கூட வரவில்லை. இருபது வருடம் முன்பு ஆண்டுக்கு நூற்றுக்கணக்கில் எடுத்த ஊர் அது.

'என்டர் தி டிராகன்' வாய்ப்பு அந்த நேரத்தில்தான் வந்ததா?

சரியாக அந்தப் பள்ளத்தில். 1973-இல் ஹாங்காங்கில் படப்பிடிப்பு. செக் கின்னுக்கு வயது 60, புரூஸ் லீக்கு 32. தனித்தீவு ஒன்றின் அதிபதி ஹான் என்ற வேடம். தான் வளர்ந்த கன்டோனீஸ் சினிமாவின் ஆதி வில்லனையே தன் முதல் ஹாலிவுட் கூட்டுப்படத்தில் எதிரே நிறுத்தினார் புரூஸ் லீ. உலகம் அதில் ஒரு கீழைநாட்டுக் கெட்டவனைப் பார்த்தது. ஹாங்காங் ரசிகனோ, சிறுவயதிலிருந்து தான் திட்டித் தீர்த்த கின் சுக்கைப் பார்த்தான். படம் வெளிவருமுன்பே, ஜூலை 20 அன்று புரூஸ் லீ இறந்துவிட்டார்.

இதில் இன்னொரு திருப்பம். அந்த ஆண்டு ஹாங்காங்கில் அதிக வசூல் செய்தது 'என்டர் தி டிராகன்' இல்லை. 'எழுபத்திரண்டு குடித்தனக்காரர்கள்' என்ற படம் அதை முந்தியது. ஒரு பழைய கட்டடம், அதில் நிறைய வாடகைக் குடிகள், எல்லோரும் பேசுவது கன்டோனீஸ். செத்துப்போன மொழிப் படம் ஒரே அடியில் எழுந்து உட்கார்ந்தது. இயக்கியவர் சோர் யுவன். இவர் தந்தை ஜுங் லுன் நிறுவனர்களில் ஒருவரான நடிகர் சுங் வூட் யாவ்.

'என்டர் தி டிராகன்' படத்தில் செக் கின் பேசும் ஆங்கிலம் அவருடைய குரலா?

இல்லை. டப்பிங். குரல் கொடுத்தவர் கீ லூக் என்ற ஹாலிவுட் துணை நடிகர். 1930-களில், சார்லி சான் என்ற சீனத் துப்பறிவாளர் பற்றிய படங்களில் 'மூத்த மகன்' வேடத்தில் தெரிந்தவர். அவர் பிறந்த ஊர் குவாங்டொங்கின் தலைநகர் குவாங்சோ. ஒரு குவாங்டொங்காரர் வாயசைக்க, இன்னொரு குவாங்டொங்காரர் கலிபோர்னியாவிலிருந்து ஆங்கிலம் பேசினார்.

நல்லவராக நடித்ததே இல்லையா?

வயதான பிறகு நடித்தார். 1980-இல் ஜாக்கி சான் இயக்கிய 'தி யங் மாஸ்டர்' படத்தில் ஊர்க் காவல் தலைவர், பாசமுள்ள தகப்பன். 1989-இல் 'எ பெட்டர் டுமாரோ' மூன்றாம் பாகத்தில், சைகோனில் மருந்துக்கடை வைத்திருக்கும் முதிய அப்பா. ஊரைவிட்டுக் கிளம்ப மனமில்லாமல் சாமான்களுக்கு நடுவே நிற்கும் அவரைப் பார்த்தால் இரும்பு நகம் ஞாபகத்துக்கே வராது. தொலைக்காட்சித் தொடர்களிலும் நிறைய வந்தார். 1990-களின் நடுவில் ஓய்வு பெற்றார். அவரோடு பழகியவர்கள் எல்லோரும் சொல்வது ஒன்றுதான்: குரலை உயர்த்தாத, சாதுவான மனிதர்.

பழைய படங்கள் இப்போது கிடைக்கின்றனவா? எதிலிருந்து தொடங்கலாம்?

கணிசமானவை அழிந்துவிட்டன. போருக்கு முந்தையவை போரிலேயே போயின, மற்றவை கிடங்கில் மக்கின. தப்பியவற்றுக்கு வாழ்வு கொடுத்தது, அவற்றைக் கொன்ற அதே தொலைக்காட்சிதான். டி.வி. நிலையங்கள் ஒளிபரப்பு நேரத்தை நிரப்ப அவற்றை மொத்தமாக வாங்கிப் போட்டன. கீறலும் குதிப்புமாக ஓடிய அவற்றுக்கு மக்கள் வைத்த பெயர் 'சான் பின்', சிதைந்த படம். தியேட்டரில் செக் கின்னைப் பார்த்திராத பிள்ளைகள் பள்ளி விட்டு வந்து வீட்டில் பார்த்துப் பயந்தார்கள். 2001-இல் சாய் வான் ஹோவில் ஹாங்காங் திரைப்பட ஆவணக் காப்பகம் திறந்த பிறகு முறையான பாதுகாப்பும் வந்தது.

தொடங்குவதற்கு 1949-இன் முதல் வோங் ஃபெய் ஹுங் படத்தை நான் சொல்லமாட்டேன், இன்றைய கண்ணுக்கு நிதானம் அதிகம். முதலில் 'தி யங் மாஸ்டர்' பாருங்கள். அப்புறம் 'என்டர் தி டிராகன்' கண்ணாடி அறையை இன்னொரு முறை. அதன் பிறகு 1956-இல் வந்த 25-இல் கிடைக்கிற ஏதாவது ஒன்று. குவான் டாக் ஹிங்கை விட்டுவிட்டு, அவர் நீதி சொல்லிக்கொண்டிருக்கும்போது எதிரே நிற்கிறவரின் முகத்தை மட்டும் கவனியுங்கள். சிரிப்பு எப்போது வரும் என்று உங்களுக்கே தெரிந்துவிடும்.